ரசீது எங்கே? மறியல் வாசல் கேள்விகள்

சிறையில் இருப்பவரின் காசு, விடுதலைக்கு முந்திய ஆயத்தம் பற்றி வந்த கேள்விகளை இம்முறை ஒன்றாக எடுத்துக்கொண்டோம். பொரளைப் பக்கம் வெலிக்கடை, மெகசின், கொழும்பு விளக்கமறியல் மூன்றும் அருகருகே இருப்பதால் பிழையான வாசலில் நின்றே பலர் அரைநாளைத் தொலைக்கிறார்கள். எந்தச் சிறை, என்ன கைதி இலக்கம் என்பதை ஒரு துண்டில் எழுதிக்கொண்டு புறப்படுங்கள்.

என் கணவர் மெகசினில் விளக்கமறியலில் இருக்கிறார். 'ஜெயிலர் கதைக்கிறேன்' என்று ஒருவர் போன் எடுத்து, இவருக்கு நல்ல இடம் போட்டுத்தர 25,000 ரூபாயைக் கைபேசி வழியாக அனுப்பச் சொல்கிறார். அனுப்பலாமா? முறையாகக் காசு கொடுப்பது எப்படி? (வாசகி, கொட்டாஞ்சேனை)

அனுப்பவேண்டாம். போன் எடுத்துக் காசு கேட்பது எந்தச் சிறை அதிகாரியின் வேலையும் அல்ல. இப்படியான அழைப்பு உள்ளே களவாகப் போன ஒரு போனிலிருந்து வரலாம். அண்மையில் விடுதலையான ஒருவரிடமிருந்தும் வரலாம். உங்கள் எண்ணை அவர்களுக்குக் கொடுத்தது யார் என்று குழம்பவேண்டாம். நம்பிக்கையில் உங்கள் கணவரே யாரிடமாவது சொல்லியிருப்பார். அழைத்த எண்ணையும் நேரத்தையும் குறித்து, அடுத்த முறை பார்க்கப் போகும்போது அத்தியட்சகர் அலுவலகத்தில் எழுத்தில் கொடுங்கள். ஒருமுறை அனுப்பினால், அடுத்த கிழமை தொகை கூடும்.

கைதியின் கையில் காசு இருப்பதே விதிக்கு மாறானது. சோற்றுப் பார்சலுக்குள்ளும் சாரத்தின் மடிப்புத் தையலுக்குள்ளும் நோட்டு வைத்து அனுப்புகிறவர்கள் இருக்கிறார்கள். பிடிபட்டால் காசும் போகும், அவரைப் பார்க்கும் வாய்ப்பும் போகும். சிறை அலுவலகத்தில் கட்டுங்கள்; அது அவருடைய பெயரில் கணக்கு வைக்கப்படும். சவர்க்காரம், பற்பசை, பிஸ்கற் போன்றவற்றை அதிலிருந்து உள்ளேயே வாங்கிக்கொள்வார்.

ரசீதைக் கையில் எடுத்ததும் அங்கேயே நின்று நான்கு விடயங்களைப் பாருங்கள்: கைதி இலக்கம், முழுப்பெயர், தொகை, திகதியும் கையொப்பமும். இதில் இலக்கம்தான் உயிர். ஒரே வார்ட்டில் இரண்டு செல்வராஜா இருப்பது சாதாரணம். ஒருவரின் காசு மற்றவரின் கணக்கில் ஏறினால் திருப்பி எடுக்க மாதக்கணக்காகும். ரசீதைப் படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள். அவர் வேறு சிறைக்கு மாற்றப்பட்டால் கணக்கு ஆளோடு அதே நாளில் போய்ச்சேராது. அப்போது பேசப்போவது இந்தக் கடதாசிதான்.

பெருந்தொகையாகக் கட்டாதீர்கள். யாருடைய கணக்கில் காசு நிற்கிறது என்பது உள்ளே மறைவான செய்தியல்ல. கடன் கேட்பவர்களும் மிரட்டுபவர்களும் அதைப் பார்த்தே வருவார்கள். விளக்கமறியல் கைதிக்கு வீட்டுச் சாப்பாடும் சொந்த உடுப்பும் அனுமதிக்கப்படுவதால் செலவு குறைவு. நீங்கள் அடுத்த முறை வரும்வரை தேவைப்படுவது எவ்வளவோ, அவ்வளவு போதும்.

தம்பிக்கு 60,000 ரூபாய் தண்டம், கட்டாவிட்டால் 6 மாதம். கட்ட வழியில்லாமல் உள்ளே போய் 4 மாதம் முடிந்துவிட்டது. இப்போது கையில் 20,000 இருக்கிறது. முழுவதையும் கட்டினால்தான் விடுவார்களா? (வாசகர், மட்டக்குளி)

இல்லை. தண்டம் கட்டாததற்கான மறியல், கட்டிய பங்குக்கும் கழித்த நாளுக்கும் ஏற்பக் குறையும். 6 மாதத்தில் 4 மாதம் என்றால் மூன்றில் இரண்டு பங்கு கழிந்துவிட்டது. விடுதலைக்கு அதற்கு ஈடான 40,000 ரூபாயைக் கட்டத் தேவையில்லை. மிச்சம் 20,000. உங்கள் கையில் இருப்பதே போதும். இரண்டு மூன்று குற்றச்சாட்டுகளுக்குத் தனித்தனித் தண்டம் விதிக்கப்பட்டிருந்தால் ஒவ்வொன்றுக்கும் தனியாகக் கணக்குப் போடவேண்டும். மொத்தத்தைக் கூட்டிப் பிரித்தால் பிழைக்கும்.

வழக்கு இலக்கத்தோடு தீர்ப்பளித்த நீதிமன்றத்தின் பதிவாளர் அலுவலகத்துக்குப் போங்கள். உள்ளே போன திகதியைச் சிறையில் உறுதிப்படுத்திக்கொண்டு போவது நல்லது. தீர்ப்புத் திகதியும் அதுவும் சில வேளை வேறுபடும். காலையிலேயே கட்டுங்கள். வெள்ளி பின்னேரம் கட்டினால், கட்டளை சிறைக்குப் போய்ச்சேராமல் சனி ஞாயிறு இரண்டும் வீணாகலாம். தொகையில் தகராறு வந்தால் புதுக்கடையிலுள்ள சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போங்கள். வசதியில்லாதவர்களுக்கு அங்கே காசு வாங்குவதில்லை.

அண்ணா வெலிக்கடையில் ஏழு வருடம் இருந்துவிட்டு இன்னும் ஆறு மாதத்தில் வெளியே வருகிறார். அடையாள அட்டை தொலைந்துவிட்டது. வங்கிப் புத்தகம், நகை அடைவு எல்லாம் அப்படியே கிடக்கிறது. எதிலிருந்து தொடங்குவது? (வாசகி, வெள்ளவத்தை)

அடையாள அட்டையிலிருந்து. அது இல்லாமல் சிம் கிடையாது, வங்கி கிடையாது, வாடகை அறைகூடக் கிடையாது. இரவில் சோதனைச் சாவடியில் அட்டையில்லாமல், அதுவும் நேற்றுத்தான் மறியலால் வந்தவராக, நிற்பது எப்படியிருக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

பிறப்புச் சான்றிதழின் பிரதியைப் பிரதேச செயலகத்தில் இப்போதே எடுத்துவிடுங்கள். அதற்கு அவர் வெளியே வரவேண்டியதில்லை. தொலைந்த அட்டைக்குப் பொலிஸ் முறைப்பாட்டின் பிரதியும் கிராம உத்தியோகத்தர் உறுதிப்படுத்திய விண்ணப்பமும் வேண்டும். உள்ளே இருக்கும்போதே இதைத் தொடங்கச் சிறை நலன்புரி உத்தியோகத்தரை அண்ணா எழுத்தில் கேட்கட்டும். முடியாவிட்டாலும் மற்றக் கடதாசிகள் தயாராக இருந்தால், வந்த கிழமையே பத்தரமுல்லையிலுள்ள ஆட்பதிவுத் திணைக்களத்தில் ஒருநாள் சேவைக்குப் போகலாம்.

தமிழர்களுக்கு இதில் ஒரு தனிச் சங்கடம் உண்டு. பிறப்புச் சான்றிதழில் தமிழில் இருக்கும் பெயர், சிறைப் பதிவேட்டில் சிங்களத்தில் காதால் கேட்டு எழுதப்பட்டிருக்கும். அதிலிருந்து ஆங்கிலத்துக்குப் போகும்போது 'ஞான' வேறு எழுத்தாகும், தகப்பன் பெயர் முன்னே வரும், முதலெழுத்து ஒன்று காணாமல் போகும். இந்தப் பெயரில் வரும் விடுதலைக் கடதாசியையோ தொழிற்பயிற்சிச் சான்றிதழையோ நீட்டினால், 'இது வேறு ஆள்' என்று வங்கியில் திருப்பிவிடுவார்கள். பழைய அட்டையின் போட்டோப் பிரதி வீட்டில் எங்காவது கிடக்கிறதா என்று தேடுங்கள். கிடைத்தால் பதிவேட்டை அதன்படி திருத்தக் கேளுங்கள். திருத்த முடியாவிட்டால், இரண்டு பெயரும் ஒருவரையே குறிக்கும் என்று சமாதான நீதவான் முன்னிலையில் ஒரு சத்தியக் கடதாசி.

அடுத்தது வங்கி. நீண்டகாலம் அசையாத கணக்கை வங்கி செயலற்றதாக்கும், காசு அழியாது. 10 ஆண்டு கடந்தால் கைவிடப்பட்ட சொத்தாக மத்திய வங்கிக்குப் போகும். அப்போதும் உங்கள் வங்கி ஊடாக உரிமை கோரலாம். ஏழு வருடத்துக்குப் பயமில்லை. பயப்படவேண்டியது பழைய கைபேசி எண்ணுக்கு. ரீலோட் போடாமல் விட்ட எண் துண்டிக்கப்பட்டு இன்னொருவருக்குப் போயிருக்கும். கணக்கில் அந்த எண்ணே பதிவாகியிருந்தால் வங்கியின் இரகசிய எண்கள் முன்பின் தெரியாத ஒருவரின் போனுக்குப் போகும். கணக்கைத் திறக்கப் போகும் அன்றே, காசு எடுப்பதற்கு முன் எண்ணை மாற்றச் சொல்லுங்கள்.

அடைவு நகை காத்திருக்காது. தவணை வழக்கமாக 12 மாதம். வட்டி கட்டிப் புதுப்பிக்காத நகை ஏலத்துக்குப் போயிருக்கலாம். அடைவுச் சீட்டோடு நாளைக்கே போய் விசாரியுங்கள். நகை இன்னும் இருந்தால், மீட்க அண்ணாவின் அதிகாரக் கடிதம் வேண்டும். அதில் சிறை அதிகாரியின் உறுதிப்படுத்தல் கையொப்பமும் இருக்கட்டும்.

முன்னர் கம்பனி வேலை செய்திருந்தால் ஊழியர் நம்பிக்கை நிதியத்தை மறக்காதீர்கள். வேலையை விட்டவர் அதைக் கோரிப் பெறலாம். ஊழியர் சேமலாப நிதி பொதுவாக ஆணுக்கு 55, பெண்ணுக்கு 50 வயதில்தான் வரும். மறியலுக்குப் போனதால் அது பறிபோவதில்லை. வாகனம் ஓடுபவரானால் அனுமதிப்பத்திரத்தின் திகதியையும் பாருங்கள். இலகுரக வாகனத்துக்கு 8 வருடம், கனரகத்துக்கு 4. காலாவதியாகியிருந்தால் நுகேகொடையிலுள்ள தேசியப் போக்குவரத்து மருத்துவ நிறுவகத்தின் மருத்துவச் சான்றிதழிலிருந்து தொடங்கவேண்டும்.

கடைசியாக, வேறு நீதிமன்றத்தில் நிலுவை வழக்கோ பிடியாணையோ இருக்கிறதா என்று சட்டத்தரணி மூலம் இப்போதே தேடுங்கள். பழைய வாகன வழக்கொன்று மறந்துபோயிருக்கும். கேக்கும் வாங்கி வைத்துக்கொண்டு வாசலில் நிற்கும்போது ஆளை வேறு வழக்குக்குக் கொண்டுபோய்விடுவார்கள். உடுப்பு கொண்டுபோகும்போது ஏழு வருடத்துக்கு முந்திய அளவில் கொண்டுபோகாதீர்கள். இடுப்பளவையும் சப்பாத்து அளவையும் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள்.

ஏழெட்டு வருடம் உள்ளே வேலை செய்தவருக்கு வெளியே வரும்போது எவ்வளவு கிடைக்கும்? (வாசகர், கிராண்ட்பாஸ்)

கடை போடும் அளவுக்கு அல்ல. கைதியின் உழைப்புக்கு நியாயமான ஊதியம், அதில் ஒரு பங்கு செலவுக்கு, ஒரு பங்கு குடும்பத்துக்கு, ஒரு பங்கு விடுதலை நாள் சேமிப்புக்கு என்று கைதிகளை நடத்தும் முறை பற்றிய ஐ.நா.வின் மண்டேலா விதிகள், 103 ஆவது விதியில், சொல்கின்றன. எங்கள் சிறைகளின் கூலி அந்த எண்ணத்திலிருந்து வெகுதூரம். ஆனாலும் விடுதலைக்கு மூன்று மாதம் முன்னர் மீதியை எழுத்தில் கேட்கச் சொல்லுங்கள். கடைசி நாள் வாசலில் கணக்கைத் திருத்த எவருக்கும் பொறுமையிராது. காசைவிடப் பெறுமதியானது பேக்கரியிலோ தச்சுப் பட்டறையிலோ பழகிய வேலைக்குத் தேசிய தொழிற் தகைமைச் சான்றிதழ். உள்ளே இருக்கும்போதே மதிப்பீட்டுக்குப் பெயர் கொடுக்கட்டும்.

மகன் ஹெரோயின் வழக்கில் போய் ஒன்றரை வருடம். உள்ளே தொடவேயில்லை என்கிறான். வரும் நாளில் கையில் கொஞ்சம் காசு கொடுக்கலாமா? (தாய், தெமட்டகொடை)

அம்மா, காசுக்கு முன் இன்னொன்று. அவர் சொல்வது உண்மையானால் ஆபத்து கூடுகிறதே தவிரக் குறைவதில்லை. பாவிக்காத காலத்தில் உடலின் தாங்கும் சக்தி விழுந்துவிடும். முன்பு பழகிய அளவை ஒருமுறை எடுத்தாலே மூச்சு நிற்கலாம். விடுதலையான முதல் இரண்டு கிழமைதான் மிக மோசமான காலம். இதை அவரிடம் நேரே சொல்லுங்கள், மறைக்கவேண்டாம். ஆளை எழுப்ப முடியாமல், கொர்கொர் என்ற மூச்சோடு உதடு நீலமாகக் கண்டால் பக்கவாட்டில் கிடத்திவிட்டு 1990 சுவசெரிய அம்புலன்சை அழையுங்கள்.

மொத்தமாகக் கையில் கொடுக்காதீர்கள். பஸ் காசு, சாப்பாட்டுக் காசு என்று அன்றன்றைக்குக் கொடுங்கள். சிறைக் கணக்கில் மீதி இருந்தால், வாங்கிய அன்றே அவர் பெயரில் வங்கியில் போட நீங்களும் கூடப் போங்கள். பழைய கூட்டாளிகள் வாசலுக்கு வருவார்கள், அதுவும் காலையிலேயே. அவர்களுக்கு முன் நீங்கள் அங்கே நிற்கவேண்டும். வருமுன்னரே தேசிய அபாயகர ஔடதங்கள் கட்டுப்பாட்டுச் சபையின் ஆலோசகர் ஒருவரிடம் நாள் எடுத்து வைத்திருங்கள்.

வெசாக் மன்னிப்புப் பட்டியலில் பெயர் போட 50,000 கேட்கிறார்கள். (வாசகர், முகத்துவாரம்)

கொடுக்கவேண்டாம். மன்னிப்பு அரசியலமைப்பின் 34 ஆவது உறுப்புரையின் கீழ் ஜனாதிபதி வழங்குவது; யாருக்கு என்பது குற்றத்தின் வகையையும் கழித்த காலத்தையும் வைத்து அறிவிக்கப்படும். உங்கள் ஆள் அந்த வகைக்குள் வந்தால் காசில்லாமலே வருவார், வராவிட்டால் 50,000 கொடுத்தும் வரமாட்டார். காசு கேட்டவர் ரசீது தருவாரா என்று மட்டும் கேட்டுப் பாருங்கள்.