ரோமின் ஆதி கிறிஸ்தவ இடங்களுக்கு வழிகாட்டி அவசியமா?

ரோமில் ஒரே ஒரு நாள்தான் இருக்கிறது, வழிகாட்டி வைப்பது அவசியமா என்று கேட்டிருக்கிறீர்கள். என் பதில்: அவசியம்.

பழைய ரோம நெடுஞ்சாலையான ஆப்பியன் சாலையில் உள்ள புனித கலிஸ்து நிலத்தடிக் கல்லறைக்குள் தனியாகப் போக விடமாட்டார்கள். டிக்கெட்டிலேயே வழிகாட்டி சேர்த்தி. புதன்கிழமை விடுமுறை. 3-ஆம் நூற்றாண்டுப் போப்புகள் ஒன்பது பேரை அடக்கம் செய்த அறை அங்கேதான் இருக்கிறது. கிறிஸ்தவர்கள் ஒளிந்து வாழ்ந்த இடம் இது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படியில்லை. நகருக்குள் புதைக்க ரோமச் சட்டம் அனுமதிக்கவில்லை. அதனால் ஊருக்கு வெளியே, மென்மையான எரிமலைப் பாறையைக் குடைந்து அடக்கம் செய்தார்கள். சுவரில் தெரியும் மீன் வடிவம் வெறும் ஓவியமல்ல. மீனைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லின் ஒவ்வொரு எழுத்தையும் ஒரு சொல்லின் முதலெழுத்தாகக் கொண்டால், அது 'இயேசு கிறிஸ்து, கடவுளின் மகன், மீட்பர்' என விரியும். சொல்லித்தர ஆள் இல்லாவிட்டால் இதைப் பார்த்தும் பாராமல் கடந்துவிடுவோம்.

அடுத்து கொலோசியத்துக்கு அருகே புனித கிளமெந்து ஆலயம். மேலே 12-ஆம் நூற்றாண்டுக் கோயில், அதற்குக் கீழே 4-ஆம் நூற்றாண்டுக் கோயில், அதற்கும் கீழே பழைய ரோமக் கட்டடமும் மித்ரா என்ற கடவுளை ரோமர்கள் வழிபட்ட கூடமும். படி இறங்க இறங்க, நிலத்தடியில் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்கும். அங்கே கொஞ்சம் நின்று கேளுங்கள்.

தோளும் முழங்காலும் மறையும் உடையும், ஒரு சால்வையும் எடுத்துக்கொள்ளுங்கள். வெயில் காலத்திலும் கீழே குளிரும்.