வழக்கில் உள்ள நிலத்தில் வணிக வளாகம்: ‘ஸ்டே இல்லை’ என்றால் கடை வாங்கிவிடலாமா?

வாசகர் கேள்வி: செங்கல்பட்டு மாவட்டத்தில், புறநகர்ச் சாலை ஒன்றை ஒட்டி ஷாப்பிங் காம்ப்ளக்ஸ் கட்டிவருகிறார்கள். தரைத்தளத்தில் ஒரு கடை 60 லட்சம் ரூபாய். நிலத்தை விற்றவரின் சகோதரிகள் பாகம் கேட்டு வழக்குப் போட்டிருப்பதாகக் கேள்விப்பட்டேன். “ஸ்டே கேட்டார்கள், கோர்ட் தள்ளுபடி செய்துவிட்டது. வில்லங்கமும் சுத்தம். பேங்க் லோனும் கிடைக்கும்” என்கிறார் புரோக்கர். முன்பணமாக 20 லட்சம் கேட்கிறார்கள். கொடுக்கலாமா?

பதில்: இப்போது கொடுக்காதீர்கள்.

தடையாணை (ஸ்டே) மனு தள்ளுபடியானது என்றால் வழக்கு முடிந்துவிட்டது என்று பொருள் இல்லை. வழக்கு நடக்கும் காலத்தில் கட்டுமானத்தை நிறுத்திவைக்க வேண்டுமா என்பது ஒரு கேள்வி. நிலம் யாருக்குச் சொந்தம் என்பது வேறு கேள்வி. முதல் கேள்விக்கு மட்டும்தான் நீதிமன்றம் இப்போது பதில் சொல்லியிருக்கிறது. பல சமயம் அந்த உத்தரவிலேயே, “கட்டுவதாக இருந்தால் சொந்தப் பொறுப்பில் கட்டிக்கொள்ளலாம், பிறகு அதைக் காரணம் காட்டி உரிமை கோரக் கூடாது” என்ற வரி இருக்கும். புரோக்கர்கள் முதல் பக்கத்தையும் ‘தள்ளுபடி’ என்ற சொல்லையும் மட்டும் போனில் படமாக அனுப்புவார்கள். முழு உத்தரவையும் கேட்டு வாங்குங்கள்.

1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், பிரிவு 52 இதைத் தெளிவாகவே சொல்கிறது. ஒரு நிலத்தின் மீதான உரிமை வழக்கில் இருக்கும்போது அதை வாங்குபவர், வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர். கிரயம் செல்லாமல் போகாது. ஆனால் விற்றவர் தோற்றால் நீங்களும் தோற்றதாகத்தான் அர்த்தம். “எனக்கு வழக்கு இருப்பதே தெரியாது” என்ற வாதம் இங்கே எடுபடாது. கீழ் நீதிமன்றத்தில் ஜெயித்துவிட்டார்கள் என்றாலும் மேல்முறையீடு முடியும்வரை இந்தக் கட்டு தொடரும். கட்டுநர் நிலத்தை வழக்குக்கு முன்பே வாங்கியிருக்கலாம். நீங்கள் வழக்குக்குப் பின் வாங்குகிறீர்கள், அதுதான் உங்களுக்குப் பிரச்சினை.

“கல்யாணமாகிப் போன பெண்களுக்கு என்ன பங்கு?” என்றும் சொல்லியிருப்பார்கள். பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான பங்கு என்று இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2005 திருத்தம் சொல்கிறது. திருத்தம் வந்தபோது தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டிய அவசியமில்லை என்று 2020-இல் உச்ச நீதிமன்றமும் உறுதி செய்துவிட்டது. சகோதரிகளின் வழக்கை லேசாக நினைக்காதீர்கள்.

அடுத்தது வில்லங்கச் சான்று. மக்கள் அதிகம் ஏமாறுவது இதில்தான். பதிவு அலுவலகத்தில் என்னென்ன பத்திரங்கள் பதிவாகின என்பதைத்தான் அது காட்டும். நீதிமன்றத்தில் நிலுவையில் உள்ள வழக்கு, யாராவது மெனக்கெட்டுப் பதிவு செய்தாலொழிய, அதில் வராது. மகாராஷ்டிராவிலும் குஜராத்திலும் வழக்கு நிலுவையைப் பதிவு செய்வதற்குச் சட்டத்திலேயே வழி வைத்திருக்கிறார்கள். இங்கே அது இல்லை. ஒரு சர்வே எண்ணைத் தட்டினால் அதன் மீதுள்ள வழக்குகள் தெரியும்படி பதிவுத் துறையையும் நீதிமன்றத்தையும் இணைப்பது அப்படியொன்றும் முடியாத காரியம் இல்லை. இத்தனை குடும்பங்கள் பணத்தை இழந்த பிறகும் அதைச் செய்யாமல் இருப்பதை என்னால் ஏற்கவே முடியவில்லை. நீதிமன்ற வழக்குகளைத் தேடும் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் கட்சிக்காரரின் பெயரைப் போட்டுத்தான் தேட வேண்டும், பெயரில் ஓர் எழுத்து மாறினாலும் வழக்கு கண்ணில் படாது. விற்றவர், அவருடைய தந்தை, சகோதரிகள், கட்டுநர் என எல்லார் பெயரிலும், எழுத்தை மாற்றி மாற்றித் தேடிப் பாருங்கள்.

பட்டா, திட்ட அனுமதி, வங்கிக் கடன் மூன்றுக்கும் இதே கதைதான். பட்டா வருவாய்த் துறையின் பதிவு, உரிமைப் பத்திரம் அல்ல. திட்ட அனுமதி தரும் சி.எம்.டி.ஏ.வோ டி.டி.சி.பி.யோ நிலத்தின் உரிமையைத் தீர்மானிப்பதில்லை. பத்திரத்தைப் பதிவு செய்யும் சார் பதிவாளரும் உரிமையை ஆராய முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2025-இல் சொல்லியிருக்கிறது. வங்கியின் வழக்கறிஞர் தன் முன் வைக்கப்பட்ட தாள்களைப் பார்த்துத்தான் கருத்துத் தருகிறார். கடை கைவிட்டுப் போனாலும் தவணையை நீங்கள்தான் கட்ட வேண்டும்.

ஒரு விதிவிலக்கு உண்டு, அதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். வழக்கு, வளாகத்தின் மொத்த நிலத்தின் மீதும் இல்லாமல் இருக்கலாம். மூன்று சர்வே எண்களைச் சேர்த்துக் கட்டுகிறார்கள், அதில் ஒன்றின் மீது மட்டும்தான் வழக்கு என்று வைத்துக்கொள்வோம். “உங்கள் கடை அந்த இடத்தில் இல்லை” என்பார் புரோக்கர். ஆனால் உங்கள் பெயரில் எழுதப்போவது கடை நிற்கும் தரையை மட்டுமல்ல, மொத்த நிலத்தில் பிரிபடாத பாகத்தை, அதாவது எல்லாக் கடைக்காரர்களுக்கும் பொதுவான நிலத்தில் உங்கள் பங்கை. மொத்தத்தில் வழக்கு நிலமும் சேர்ந்திருந்தால் உங்கள் பாகத்திலும் வழக்கு சேர்ந்துவிடும். அந்த இடம் கார் நிறுத்துமிடமாகவோ உள்ளே வரும் வழியாகவோ இருந்தால் இன்னும் மோசம்: வண்டி நிறுத்த இடமில்லாத வளாகத்துக்கு யார் வருவார்கள்? எனவே வழக்கு நிலம் தனி உட்பிரிவாகப் பிரிக்கப்பட்டிருக்க வேண்டும். பிரிபடாத பாகம் மீதி நிலத்தில் மட்டும் கணக்கிடப்பட்டிருக்க வேண்டும். வழியும் பார்க்கிங்கும் திட்ட அனுமதியும் அந்த நிலத்தை நம்பி இருக்கக் கூடாது. இவை எல்லாமே பொருந்தினால் தாராளமாக வாங்கலாம். ஒன்று இடித்தாலும் வேண்டாம்.

இதைத் தெரிந்துகொள்ளப் பிராதின் (சகோதரிகள் நீதிமன்றத்தில் கொடுத்த வழக்கு மனுவின்) நகலை வாங்கி, அதில் ‘சொத்து விவரம்’ என்ற பகுதியைப் பாருங்கள். எந்த சர்வே எண், எவ்வளவு பரப்பு என்று அதில் இருக்கும்.

அப்புறம், ரெரா எனப்படும் ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறைச் சட்டம். கடைகளுக்கும் அந்தச் சட்டம் உண்டு. நிலத்தின் மீதுள்ள வழக்கு விவரங்களைக் கட்டுநர் ரெரா ஆணையத்திடம் உறுதிமொழியுடன் தெரிவித்திருக்க வேண்டும். தமிழ்நாடு ரெரா தளத்தில் திட்டத்தின் பதிவு எண்ணைப் போட்டு, இந்த வழக்கைச் சொல்லியிருக்கிறாரா பாருங்கள். மறைத்திருந்தால் அவரோடு மேற்கொண்டு பேசவே வேண்டாம். பதிவு செய்யப்பட்ட விற்பனை ஒப்பந்தம் இல்லாமல் விலையில் 10 சதவீதத்துக்கு மேல் வாங்கவும் கூடாது. உங்கள் கடைக்கு அது 6 லட்சம். ஒப்பந்தம் பதியாமல் 20 லட்சம் வாங்குவது சட்டமீறல். வெள்ளைத் தாளில் ரசீது, ‘டோக்கன்’, கட்டி முடிப்பதற்கு முன்பே ‘உறுதியான மாத வாடகை’ என்றெல்லாம் பேசினால் எழுந்து வந்துவிடுங்கள்.

உரிமைக் குறைபாட்டால் நஷ்டம் வந்தால் கட்டுநர் ஈடு தர வேண்டும், அதற்குக் காலவரம்பும் கிடையாது என்கிறது ரெரா சட்டத்தின் 18(2). நல்ல பிரிவுதான். ஆனால் உத்தரவு வாங்குவதும் பணத்தை வசூலிப்பதும் ஒன்றல்ல. வளாகத்தை விற்று முடித்த நிறுவனத்தின் கணக்கில் அன்றைக்கு என்ன மிச்சம் இருக்கும் என்று உங்களால் சொல்ல முடியாது.

எனவே பிராது, எதிர்வாதியின் பதிலுரை, தடையாணை மனு மீதான முழு உத்தரவு, மூலப்பத்திரங்கள், இவற்றை எழுத்து மூலம் கட்டுநரிடம் கேளுங்கள். வந்த தாள்களை அந்த வழக்கு நடக்கும் நீதிமன்றத்திலேயே உரிமை வழக்குகள் நடத்தும் ஒரு வழக்கறிஞரிடம் கொடுங்கள். கட்டுநரோ புரோக்கரோ சிபாரிசு செய்தவர் வேண்டாம். அவருடைய கருத்து எழுத்தில், கையெழுத்தோடு உங்கள் கைக்கு வரட்டும். முன்பணப் பேச்சு அதற்குப் பிறகுதான்.