‘பன்டர் ஆகப் போகிறேன்’ என்கிறான் மகன்

கேள்வி: பல வருடங்களாக மெல்பர்னில் இருக்கிறோம். மகனுக்கு 19 வயது. சின்ன வயதிலிருந்தே அவனுக்கு ஃபுட்டிதான் (ஆஸ்திரேலிய ஃபுட்பால்) எல்லாம். அதன் தொழில்முறை லீக்கான ஏ.எஃப்.எல்.லில் கிளப்புகள் புது வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் டிராஃப்டில் எந்தக் கிளப்பும் அவனை எடுக்கவில்லை. அதற்குப் பிறகு பல மாதம் யாரோடும் சரியாகப் பேசாமல் இருந்தான். இப்போது திடீரென்று, அமெரிக்கக் கல்லூரி ஒன்றில் ஃபுட்பால் அணியில் பந்தை உதைப்பதற்கென்றே இருக்கும் பன்டராகச் சேரப் போகிறேன், அதற்கு இங்கேயே பயிற்சி எடுக்கப் போகிறேன் என்கிறான். காமர்ஸ் படிக்கக் கிடைத்த இடத்தையும் தள்ளிப் போட்டுவிட்டான். "ஒரு ஆட்டத்தில் நாலைந்து தடவை பந்தை உதைக்கிறவனுக்கு யார் சும்மா படிப்புக் கொடுப்பார்கள்? இது பணம் பிடுங்கும் வேலை" என்கிறார் என் கணவர். அப்பாவும் பிள்ளையும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. முதலில் இங்கே பட்டத்தை முடி, அப்புறம் அமெரிக்கா போ என்று நடுவில் நின்று சொல்கிறேன். நான் சொல்வது சரிதானா?

பதில்:

அன்புள்ள சகோதரி,

நீங்கள் சொல்லும் சமாதானம் எந்தத் தாயும் சொல்லக்கூடியதுதான். ஆனால் உங்கள் மகன் விஷயத்தில் அது கதவை மூடிவிடும். அதனால் அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

அமெரிக்கக் கல்லூரி விளையாட்டை நடத்தும் என்.சி.ஏ.ஏ. அமைப்பின் முதல் டிவிஷனில், ஒரு மாணவர் முழுநேரமாகக் கல்லூரியில் சேர்ந்த நாளிலிருந்து ஐந்து வருடக் கணக்கு ஓடத் தொடங்குகிறது. விளையாட்டு வாய்ப்பெல்லாம் அந்த ஐந்து வருடத்துக்குள். அந்தக் கல்லூரி அமெரிக்காவில்தான் இருக்க வேண்டும் என்றில்லை. மெல்பர்னில் முழுநேரமாகச் சேர்ந்தாலும் கடிகாரம் ஓடும். மூன்று வருடப் பட்டத்தை இங்கே முடித்துவிட்டுப் போனால் கையில் இரண்டு வருடம்தான் மிச்சம். படிப்பை அவன் தள்ளிப் போட்டதைப் பொறுப்பில்லாத்தனம் என்று நினைக்காதீர்கள். விவரம் தெரிந்துதான் செய்தானா என்று கேட்டுப் பாருங்கள், அநேகமாகத் தெரிந்திருக்கும்.

பள்ளி முடித்து எத்தனை காலத்துக்குள் கல்லூரியில் சேர வேண்டும், இடையில் எந்த ஆட்டம் ஆடலாம் என்பதற்கும் தனி விதிகள் இருக்கின்றன. இருபது வயதைத் தாண்டிய பல ஆஸ்திரேலியர்கள் இந்த வழியில் போயிருக்கிறார்கள் என்பதால் உங்கள் மகனுக்கும் அப்படியே நடக்கும் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். இந்த விதிகள் சமீப வருடங்களில் அடிக்கடி மாறுகின்றன. பயிற்சி மையம் சொல்வதையோ நண்பர்கள் சொல்வதையோ நம்பாமல், என்.சி.ஏ.ஏ.வின் தகுதி மையத்தில் அவன் பெயரில் கணக்குத் தொடங்கி, பன்னிரண்டாம் வகுப்பு மதிப்பெண்களை அனுப்பி, நேரடியாகக் கேளுங்கள். அவன் பள்ளியில் எடுத்த பாடங்களே ஒத்துவராவிட்டால் மற்ற பேச்செல்லாம் வீண்.

சரி, கணவரின் கேள்விக்கு வருகிறேன். நியாயமான கேள்விதான் கேட்கிறார். உதைக்கிறவனுக்கு யார் படிப்புக் கொடுப்பார்கள்? கொடுக்கிறார்கள். ஆட்டம் எப்படி நடக்கிறது என்று பார்த்தால் காரணம் புரியும்.

அமெரிக்க ஃபுட்பாலில் பந்தை வைத்திருக்கும் அணிக்கு நான்கு முயற்சிகள். அதற்குள் 10 யார்டு முன்னேறியாக வேண்டும். மூன்று முயற்சியில் முடியவில்லை என்றால், நான்காவதைப் பெரும்பாலும் முன்னேறுவதற்குச் செலவழிக்க மாட்டார்கள். அதுவும் தோற்றால் நின்ற இடத்திலேயே பந்தை எதிரணிக்குக் கொடுக்க வேண்டியிருக்கும். அதற்குப் பதில் பன்டர் வந்து, கையிலிருந்து பந்தை நழுவவிட்டுத் தரையில் படும் முன்பே உதைத்து, எதிரணியை மைதானத்தின் மறுகோடிக்குத் துரத்துகிறார். அந்த ஒரு உதையில் 40, 45 யார்டு இடம் கைமாறுகிறது. நாலைந்து தடவைதான் உதைக்கிறார் என்று உங்கள் கணவர் சொல்வது சரி. ஆனால் அதில் ஒவ்வொன்றும், எதிரணி புள்ளி எடுக்க மைதான முனையில் இருக்கும் கோட்டை அடைய எவ்வளவு தூரம் ஓட வேண்டும் என்பதை முடிவு செய்கிறது.

அமெரிக்கப் பன்டர்கள் வழக்கமாக நின்ற இடத்தில் இரண்டு அடி எடுத்துவைத்து, பந்து திருகிக்கொண்டு உயரப் போகும்படி உதைப்பார்கள். ஃபுட்டி ஆடி வளர்ந்தவனோ ஓடிக்கொண்டே உதைப்பான், ஆள் மேலே வந்து விழும்போதும் உதைப்பான், இரண்டு காலாலும் உதைப்பான். ஆஸ்திரேலியாவில் எட்டு வயதுக் குழந்தைக்கும் தெரிந்த டிராப் பன்ட், தலைகீழாகப் பின்பக்கம் சுழன்று போகும். அதனால் எங்கே விழ வேண்டுமோ அங்கே வைக்கலாம். விழுந்த பிறகு கோட்டைத் தாண்டி ஓடிவிடாமல் நிற்கவோ பின்னால் துள்ளவோ வாய்ப்பு அதிகம். எதிரணியை அவர்கள் கோட்டுக்குப் பக்கத்தில் சிறைப்பிடிக்க இதைவிட நல்ல உதை இல்லை.

கல்லூரி விதிகளும் இதற்குச் சாதகம். தொழில்முறை லீக்கான என்.எஃப்.எல்.லில், உதைக்கும் அணியின் இரண்டு ஓரங்களில் நிற்பவர்கள் தவிர மற்றவர்கள் பந்து உதைபடும் வரை காத்திருந்துதான் எதிர்ப்பக்கம் ஓட முடியும். கல்லூரி ஆட்டத்தில் பந்து பின்னால் வந்த உடனேயே எல்லோரும் ஓடலாம். ஆகவே பன்டர் பந்தோடு பக்கவாட்டில் ஓடி ஓரிரு வினாடி தாமதித்தால், அதற்குள் அவருடைய ஆட்கள் மறுமுனைக்குப் பாதி தூரம் போயிருப்பார்கள். இப்படி ஓடி உதைப்பது ஃபுட்டி பையன்களுக்குக் கூடவே வளர்ந்த பழக்கம்.

1995இல் டேரன் பென்னட் என்ற முன்னாள் ஏ.எஃப்.எல். வீரர் என்.எஃப்.எல்.லின் சான் டியேகோ சார்ஜர்ஸ் அணியில் பன்டராக ஆடத் தொடங்கி இந்தப் பாதையைக் காட்டினார். பிறகு, தானும் ஏ.எஃப்.எல். ஆடி, கிரீன் பே பேக்கர்ஸ் அணியில் இடம் பிடிக்க முயன்று திரும்பிய நேதன் சாப்மன், 2007இல் மெல்பர்னில் புரோகிக் ஆஸ்திரேலியா என்ற பயிற்சி மையத்தைத் தொடங்கினார். இன்று அமெரிக்கக் கல்லூரிகளில் இருக்கும் ஆஸ்திரேலியப் பன்டர்களில் பெரும்பாலோர் அங்கே பயின்றவர்கள்தான். சிறந்த கல்லூரிப் பன்டருக்கு வழங்கப்படும் ரே கை விருதைப் பாருங்கள். 2013இல் டாம் ஹார்ன்சி, 2014, 2015 இரண்டிலும் டாம் ஹாக்கெட், 2016இல் மிட்ச் விஷ்னோவ்ஸ்கி, 2017இல் மைக்கேல் டிக்சன். ஐந்து வருடம் தொடர்ந்து ஆஸ்திரேலியர்கள்! விஷ்னோவ்ஸ்கி பெர்த்தில் கண்ணாடி பொருத்தும் தொழில் செய்துகொண்டிருந்தவர். டிக்சன் டெக்சஸ் பல்கலைக்கழகத்துக்கு ஆடிய கடைசி ஆட்டத்தில், பன்டராக இருந்துகொண்டே ஆட்ட நாயகன் விருதை வாங்கினார்.

எனக்கு மிகவும் பிடித்தவர் டோரி டெய்லர். உங்கள் ஊர்க்காரர், மெல்பர்ன். 2020இல் ஐயோவா பல்கலைக்கழகத்துக்குப் போனார். 2023இல் ஐயோவாவின் தாக்குதல் வரிசை, யார்டு கணக்கில் முதல்நிலைக் கல்லூரிகளிலேயே கடைசி இடம். அப்படியும் 10 ஆட்டங்கள் ஜெயித்தார்கள். நல்ல தடுப்பாட்டமும் டெய்லரின் காலும்தான் அதைச் சாதித்தன. அந்த ஒரே சீசனில் அவர் உதைத்த தூரம் 4,479 யார்டு. 1938இலிருந்து யாரும் தொடாத சாதனையை முறியடித்தார். மறு வருடம் சிகாகோ பேர்ஸ் அணி அவரை டிராஃப்டில் எடுத்தது. உங்கள் கணவர் ஒரு பெயரை மட்டும் தேடிப் பார்ப்பார் என்றால் இந்தப் பெயரைத் தேடச் சொல்லுங்கள்.

ஆனால் இவர்கள் எல்லோரும் உச்சிக்குப் போனவர்கள். என்.எஃப்.எல்.லில் 32 அணிகள், அணிக்கு ஒரே ஒரு பன்டர். ஒருவர் பத்து வருடம் ஆடினால் அந்த இடம் பத்து வருடமும் காலியாகாது. அந்த வேலையை நம்பி உங்கள் மகன் போகக் கூடாது. போவது பட்டத்துக்காக. ஒரு நல்ல பல்கலைக்கழகத்தில், கடனே இல்லாமல், அவனுக்குப் பிடித்த பாடத்தில் ஒரு பட்டம். அவன் காலுக்கு அந்த விலை கிடைக்கிறது என்றால் அது மிக நல்ல பேரம், நான் போகட்டும் என்றே சொல்வேன். கிடைக்கிறதா என்பதைத்தான் நீங்கள் உறுதி செய்ய வேண்டும்.

அதனால் கல்லூரியிடமிருந்து கடிதம் வரும்போது குடும்பமாக உட்கார்ந்து வரிவரியாகப் படியுங்கள். கல்விக் கட்டணம், தங்குமிடம், சாப்பாடு, புத்தகம் எல்லாம் அடங்கிய முழு ஸ்காலர்ஷிப்பா? ஒரு வருடத்துக்கா, பல வருடத்துக்கா? காயம் பட்டால் தொடருமா? மருத்துவக் காப்பீட்டை யார் கட்டுகிறார்கள்? கோச் மாறிப் போனால் என்ன ஆகும்? கல்லூரி ஃபுட்பாலில் கோச்கள் அடிக்கடி மாறுகிறார்கள். புதிதாக வருகிறவர் தனக்குப் பிடித்த பன்டரைக் கூட்டி வருவதும் சகஜம். சில கல்லூரிகள் "வாக்-ஆன்" என்று ஒரு இடம் தருவார்கள். அணியில் இருக்கலாம், பணம் கிடையாது. வெளிநாட்டு மாணவர் கட்டணம் வருடத்துக்குப் பல பத்தாயிரம் டாலர். நல்லா ஆடினால் அடுத்த வருடம் ஸ்காலர்ஷிப் தருகிறோம் என்று வாய்வார்த்தை சொன்னால், உங்கள் வீட்டை அடமானம் வைத்து அதை நம்ப வேண்டாம்.

இன்னொன்று. இப்போது கல்லூரி வீரர்கள் விளம்பரத்திலும் வேறு வழிகளிலும் வெளிப்படையாகப் பணம் சம்பாதிக்கிறார்கள். உங்கள் மகன் எஃப்-1 மாணவர் விசாவில் இருப்பான். அந்த விசாவில் வேலை செய்யக் கடுமையான கட்டுப்பாடு உண்டு. பக்கத்து அறை நண்பன் கையெழுத்துப் போட்டு வாங்கும் பணத்தை இவன் வாங்கினால் விசாவுக்கே ஆபத்து வரலாம். எதில் கையெழுத்துப் போடுவதற்கு முன்பும் பல்கலைக்கழகத்தின் வெளிநாட்டு மாணவர் அலுவலகத்தைக் கேட்க வேண்டும் என்று இப்போதே சொல்லி வையுங்கள்.

இதுவரை சொன்னது காகிதத்தில் பார்க்கக்கூடியது. அவன் மனதைப் பற்றியும் கொஞ்சம் யோசிக்க வேண்டும். ஃபுட்டியில் ஒரு உதை தவறினால் அடுத்த நிமிடமே ஓடிப் போய் வேறு பந்தைப் பிடிக்கலாம். பன்டருக்கு அந்த ஆறுதல் இல்லை. தவறிய உதையோடு ஓரமாக உட்கார்ந்திருக்க வேண்டும், அரை மணி நேரம்கூட.

பிளேக் ஓநீல் என்ற மெல்பர்ன் இளைஞருக்கு நடந்ததை உங்கள் மகன் நிச்சயம் கேள்விப்பட்டிருப்பான். 2015 அக்டோபர் 17, அவர் ஆடிய மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் மைதானம், ஒரு லட்சத்துக்கும் மேல் கூட்டம். எதிரணி மிச்சிகன் ஸ்டேட், பரம வைரி. அன்றைக்கு முன்னதாக ஓநீல் 80 யார்டு தூரம் ஒரு பன்ட் உதைத்திருந்தார். மிச்சிகன் 23க்கு 21 என்று முன்னிலை, மிச்சம் 10 வினாடி. பந்தை வாங்கி உதைத்தால் போதும், அநேகமாக ஆட்டம் முடிந்தது. பந்து தாழ்வாக வந்தது, கையில் தங்கவில்லை. எடுத்து எப்படியாவது உதைத்துவிடப் பார்த்தார், அதற்குள் ஆட்கள் மேலே விழ, பந்து எதிரணிக்காரர் ஒருவர் கைக்குப் போனது. அவர் ஓடிப் போய்க் கோட்டைத் தொட்டபோது நேரமும் முடிந்திருந்தது. 27க்கு 23, தோல்வி. அன்று இரவே ஓநீலுக்குச் சமூக ஊடகத்தில் கொலை மிரட்டல் வரை வந்தது. பல்கலைக்கழகத்தின் விளையாட்டுத் துறைத் தலைவர் பகிரங்கக் கடிதம் எழுதி ரசிகர்களைக் கண்டிக்க வேண்டியிருந்தது. ஓநீல் ஓடி ஒளியவில்லை, அந்த சீசன் முழுக்கத் தொடர்ந்து உதைத்தார். எனக்கு அந்த 80 யார்டைவிட இது பெரிதாகத் தெரிகிறது.

மகனைப் பயமுறுத்த இதைச் சொல்லவில்லை. டிராஃப்டில் எடுக்கப்படாமல் பல மாதம் பேச்சில்லாமல் இருந்தான் என்று எழுதியிருக்கிறீர்கள். தோல்வியைத் தனக்குள்ளேயே பூட்டி வைக்கிற பிள்ளையாகத் தெரிகிறது. வீட்டில் நீங்கள் இருந்தீர்கள், கவனித்தீர்கள். அங்கே அவன் அறைக்கு யார் வருவார்கள்? அந்த அணியில் மனநல ஆலோசகர் இருக்கிறாரா, வேறு ஆஸ்திரேலியப் பையன்கள் இருக்கிறார்களா என்று கேளுங்கள். அவனிடமும் ஒன்று கேளுங்கள்: உதைப்பதே இல்லை என்று ஆகிவிட்டால்கூட அந்த ஊரில் அந்தப் பாடத்தைப் படித்து முடிப்பாயா? இதற்கு அவன் சொல்லும் பதிலில், போவது ஆசையாலா, இங்கிருந்து தப்பிக்கவா என்பது பெருமளவு தெரிந்துவிடும்.

உங்கள் கணவரைப் பற்றி ஒரு வார்த்தை. அவர் கோபம் பணத்தைப் பற்றியது என்று எனக்குத் தோன்றவில்லை. மகன் இன்னொரு தடவை உடைந்து போவதைப் பார்க்க அவருக்குத் தெம்பில்லை. அதை அவர் மகனிடம் சொல்லியிருக்கவும் மாட்டார். நீங்கள் தூது போவதை நிறுத்திவிடுங்கள். பயிற்சி மையத்துக்குக் கட்டணம் உண்டு, அதைப் பேசப் போகும்போது அப்பாவும் மகனுமே போகட்டும். மொத்தம் எவ்வளவு, கல்லூரி கிடைக்காவிட்டால் என்ன, போன வருடம் பயின்றவர்களில் எத்தனை பேர் முழு ஸ்காலர்ஷிப்பில் போனார்கள், எத்தனை பேர் வாக்-ஆனாகப் போனார்கள் என்று அவரே கேட்கட்டும். சந்தேகப்படுகிற மனிதர் நல்ல கேள்வி கேட்பார். இந்த விஷயத்தில் மகனுக்கு அவரைவிட நல்ல துணை கிடையாது.

பயிற்சிக் காலத்தில் பகுதிநேர வேலைக்குப் போகட்டும், கட்டணத்தில் ஒரு பங்கை அவனே கட்டட்டும். தள்ளிப் போட்ட காமர்ஸ் இடத்தை எந்தத் தேதிக்குள் உறுதி செய்ய வேண்டும் என்று பார்த்து, அந்தத் தேதியையே குடும்பத்தின் கெடுவாக வைத்துக்கொள்ளுங்கள். அதற்குள் எழுத்தில் ஒன்றும் வரவில்லை என்றால் மூன்று பேரும் உட்கார்ந்து மறுபடி பேசலாம். கடிதம் வந்துவிட்டால் பெயர், முகவரியை மறைத்து எனக்கு ஒரு நகல் அனுப்புங்கள். எந்த வரியில் என்ன கேட்க வேண்டும் என்று சேர்ந்தே பார்ப்போம்.