லாரன்ஸ் எடிட்டர் சறுக்கினாரா?

கேள்வி: ‘லாரன்ஸ் ஆஃப் அரேபியா’வுக்கு ஆஸ்கர் வாங்கிய எடிட்டர் ஆன் வி. கோட்ஸ், கடைசியில் படுக்கையறைக் காதல் கதையான ‘ஃபிஃப்டி ஷேட்ஸ் ஆஃப் கிரே’யில் வந்து நின்றார். நடுவில் ஆக்‌ஷன், காமெடி, கோர்ட் கேஸ் என்று கிடைத்ததையெல்லாம் செய்திருக்கிறார். தனக்கென்று ஒரு பாணி இல்லாதவரை மேதை என்று எப்படிச் சொல்வது?
– வாசகர் ஒருவர், தஞ்சாவூர்

பதில்: பாணி டைரக்டருக்கு வேண்டும். எடிட்டரின் பாணி தனியாகத் துருத்திக்கொண்டு தெரிந்தால் அந்தப் படத்தில் ஏதோ கோளாறு. ‘கிடைத்ததையெல்லாம்’ என்று நீங்கள் எழுதியதுதான் என்னை உறுத்துகிறது.

‘லாரன்ஸ்’ படத்தில் பீட்டர் ஓடூல் எரியும் தீக்குச்சியை ஊதுகிறார். சட்டென்று பாலைவனத்தில் விடியப்போகிற செவ்வானம். ஸ்கிரிப்டில் அங்கே இருந்தது டிசால்வ், அதாவது ஒரு காட்சி மெல்லக் கரைந்து அடுத்தது தோன்றுவது. அன்றைக்கு டிசால்வை லேபில்தான் செய்து வாங்க வேண்டும். அது வருவதற்குள், எடிட்டிங்குக்கென்று வைத்திருக்கும் வேலைப் பிரதியில் இரண்டு ஷாட்டையும் சும்மா ஒட்டி வைத்திருந்தார்கள். போட்டுப் பார்த்ததும் டைரக்டர் டேவிட் லீனும் கோட்ஸும் அசந்துபோனார்கள். டிசால்வ் வேண்டாம், ஒரு ஷாட்டிலிருந்து அடுத்ததுக்குச் சட்டென்று தாவும் நேர் கட்டே போதும் என்று முடிவாயிற்று. இன்னும் கொஞ்சம் சரிசெய்யச் சொன்னார் லீன். கோட்ஸ் வெட்டி நீக்கியது இரண்டே ஃபிரேம். நொடிக்கு 24 ஃபிரேம் ஓடுகிற படத்தில் இரண்டு!

இதை அதிர்ஷ்டம் என்று தள்ளிவிட முடியாது. பிரான்ஸில் அப்போது இளம் டைரக்டர்கள் பழைய விதிகளை உடைத்து எடுத்த ‘நியூ வேவ்’ படங்களின் நேர் கட்டுகளை ரசித்து, லீனையும் பார்க்கச் சொன்னவர் அவர். கண் ஏற்கெனவே பழகியிருந்ததால்தான் தற்செயலாக எதிரே வந்ததை அடையாளம் கண்டார்.

அதே கை 1980-ல் ‘தி எலிஃபன்ட் மேன்’ படத்தில் என்ன செய்தது? விகாரமான உருவம் கொண்ட மெரிக் என்பவரை டாக்டர் முதல்முறையாகப் பார்க்கிறார். படம் நிற்பது டாக்டராக நடிக்கும் ஆன்டனி ஹாப்கின்ஸின் முகத்தில். கேமரா மெல்ல நெருங்குகிறது, ஒரு சொட்டுக் கண்ணீர் இறங்குகிறது. டாக்டர் பார்ப்பதை நாமும் பார்க்கத் துடிக்கிறோம். படம் அந்த முகத்தை விட்டு நகர மறுக்கிறது. டைரக்டர் டேவிட் லின்ச் எடுத்த ஷாட்தான். ஆனால் அங்கே கத்திரியை வைக்காமல் இருப்பதும் எடிட்டிங்தான். சினிமாவுக்கு வருமுன் கோட்ஸ் இங்கிலாந்தின் ஈஸ்ட் கிரின்ஸ்டெட் ஊரில் நர்ஸ். இரண்டாம் உலகப் போரில் முகம் கருகிய விமானிகளுக்கு ஆர்ச்சிபால்ட் மெக்கிண்டோ என்ற சர்ஜன் முகம் சீரமைத்த ஆஸ்பத்திரி அது. அப்படிப்பட்ட முகங்களைத் தினமும் பார்த்தவருக்கு இந்தக் காட்சியில் எவ்வளவு நேரம் பொறுக்க வேண்டும் என்று தெரிந்திருக்கும் என்றே நினைக்கிறேன்.

1998-ல் ‘அவுட் ஆஃப் சைட்’. ஹோட்டல் பாரில் ஜார்ஜ் க்ளூனியும் ஜெனிஃபர் லோபஸும் பேசிக்கொண்டிருக்கும்போதே, அதற்குப் பிறகு அறையில் நடக்கப்போவது இடையிடையே வந்து போகிறது. பேச்சு பாரில், உடம்புகள் அறையில். படம் அங்கங்கே உறைந்து நிற்கிறது. 72 வயதில் செய்த வேலை இது! தீக்குச்சியை வெட்டியவர்தானே, காலத்தைத் தாண்டிக் குதிக்க அவருக்கா தெரியாது?

கடையில் விற்ற குழந்தைகள் பொம்மைகளிலிருந்து கதை பண்ணிய ‘மாஸ்டர்ஸ் ஆஃப் தி யுனிவர்ஸ்’, ‘காங்கோ’ எல்லாம் அவர் பட்டியலில் உண்டு. அவற்றுக்காக நான் வக்காலத்து வாங்கவில்லை. ‘ஃபிஃப்டி ஷேட்ஸ்’ எனக்கும் பிடிக்காத படம்தான். ஆனால் அதில் எடிட்டர்கள் மூன்று பேர், இவர் ஒருவர். படம் வந்தபோது அவருக்கு 89 வயது. அந்த வயதில் ஒருவரை நம்பிப் படத்தைக் கொடுத்திருக்கிறார்கள் என்பது உங்களுக்குச் சறுக்கலாகத் தெரிகிறது. எனக்கு அப்படித் தெரியவில்லை. மறு வருடம், 2016-ல், கௌரவ ஆஸ்கரும் கொடுத்தார்கள்.

போஸ்டரில் ஆக்‌ஷன், காமெடி என்று பிரிப்பது டிக்கெட் விற்பவர்களுக்கு உதவும். எடிட்டிங் மேஜையில் எல்லாப் படத்துக்கும் ஒரே கேள்விதான்: இந்த முகத்தை விட்டு எப்போது நகர வேண்டும்? அந்த பார் காட்சியை ஒருமுறை ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். அதற்குப் பிறகும் பாணி இல்லை என்று தோன்றினால் எழுதுங்கள், பிரசுரிக்கிறேன்.