லெஸ்டருக்கு முன்னால் யாருமே இல்லையா?

'இலங்கை சினிமாவின் முன்னோடி லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் ஒருவர்தானா?' என்று கேட்டிருக்கிறீர்கள். இல்லை. கதை எங்கள் ஊரில் தொடங்குகிறது.

முதல் சிங்களப் பேசும்படம் 'கடவுணு பொரொந்துவ' 1947 ஜனவரி 21 அன்று கொழும்பில் திரைக்கு வந்தது. படம் பிடித்தது மதுரையில், எஸ்.எம். நாயகத்தின் சித்ரகலா மூவிடோனில். பணம் போட்டதும் அவர்தான். இயக்குநர் ஜோதிஷ் சிங்கும் இந்தியர்தான். கதை மட்டும் இலங்கையிலிருந்து வந்தது, பி.ஏ.டபிள்யூ. ஜயமான்னவின் மேடை நாடகம். கதாநாயகி ருக்மணி தேவியின் இயற்பெயர் டெய்சி ராசம்மா டேனியல்ஸ், கொழும்புச் செட்டிக் குடும்பத்துப் பெண். மதுரைக்காரனான எனக்கே இதெல்லாம் தெரியவர நாற்பது வயதாகிவிட்டது.

அந்தக் காலப் படங்களைத் தென்னிந்திய நகல் என்று விமர்சகர்கள் ஒதுக்குவார்கள். பொய்யில்லை. எல்லாம் செட்டுக்குள், நாடக வசனம், நம்மூர் மெட்டு. ஆனால் சொந்த ஸ்டுடியோ இல்லாத தீவு வேறென்ன செய்திருக்கும்? பிற்பாடு இலங்கையின் கந்தானையில் ஸ்டுடியோ கட்டியவரும் இதே நாயகம்தான்.

லெஸ்டர் வந்தது அதற்கப்புறம். அரசுத் திரைப்படப் பிரிவில் ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்தவர், ஒளிப்பதிவாளர் வில்லியம் பிளேக், படத்தொகுப்பாளர் டைட்டஸ் தொட்டவத்த இருவரோடும் வேலையை உதறிவிட்டு 'ரேகாவ' (1956) எடுத்தார். கேமரா செட்டை விட்டு ஊருக்குள் போயிற்று. கதையில், உயரமான மரக்கால்கள் கட்டி நடக்கும் கூத்தாடி ஒருவன் குரங்கோடு வருகிறான். சேனா என்ற சிறுவனின் கைரேகையைப் பார்த்து, நீ பேர்போன வைத்தியனாவாய் என்கிறான். ஊர் அதை அப்படியே நம்பிவிடுகிறது. அந்த வெயிலும் மண்பாதையும் எந்த செட்டிலும் கிடைக்காது. படம் 1957இல் பிரான்ஸின் கான் திரைப்பட விழாப் போட்டிக்குப் போனது. உள்ளூரில் வசூல் இல்லை. இத்தனைக்கும் லெஸ்டர் இங்கிலீஷ் பேசும் கத்தோலிக்க வீட்டுப் பிள்ளை. சிங்களக் கிராமத்தைத் திரையில் காட்ட அவர்தான் வரவேண்டியிருந்தது!

இன்னொரு பெயரையும் சேர்த்துக்கொள்ளுங்கள்: கே. குணரத்தினம். தமிழர், 1953இல் 'சுஜாதா' என்ற வெற்றிப்படத்தைத் தயாரித்தவர். ஹெந்தளையில் அவருடைய விஜயா ஸ்டுடியோ இருந்தது. 1983 ஜூலைக் கலவரத்தில் அதற்குத் தீ வைத்தார்கள். உள்ளே இருந்த சிங்களப் படங்களின் நெகட்டிவ்களும் சேர்ந்தே எரிந்தன.