பணம் போடாதவரை எப்படித் தயாரிப்பாளர் என்கிறார்கள்?

தயாரிப்பாளர் என்றால் பணம் போடுபவர்தானே, பணமே போடாத ஒருவருக்கு அந்தப் பெயர் ஏன், அந்த வேலைக்கு எப்படிப் போவது என்று கேட்டிருக்கிறீர்கள். இருபது ஆண்டுகளாகத் திரைப்படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் லைன் புரொடியூசராக இருந்து வருகிறேன். இதுவரை எந்தப் படத்துக்கும் என் சட்டைப்பையிலிருந்து ஒரு காசு போட்டதில்லை.

எழுதப்பட்ட கதையைக் கையிலிருக்கும் நாள்களுக்குள்ளும் தொகைக்குள்ளும் அடக்குவதும், அடங்காது என்று தெரிந்தால் எதை விடுவது என்று படப்பிடிப்புக்கு முன்பே சொல்வதும்தான் என் வேலை. திரைக்கதை வந்ததும் ஒவ்வொரு பக்கத்தையும் எட்டுப் பங்காகப் பிரித்து, எந்தக் காட்சிக்கு எத்தனை பங்கு, அதில் யார் யார், பகலா இரவா, என்னென்ன பொருள்கள் என்று குறித்துக்கொள்வோம். ஹாலிவுட் முறையில் எழுதிய ஒரு பக்கம் திரையில் ஏறத்தாழ ஒரு நிமிடம் என்பது பழைய கணக்கு. நம்பினால் ஏமாற்றும் கணக்கும் அதுதான். சமையலறையில் இருவர் பேசிக்கொள்ளும் மூன்று பக்கங்களை ஒரே பகலில் எடுத்துவிடலாம். 'ஊர் பற்றி எரிகிறது' என்ற ஒற்றை வரி எட்டில் ஒரு பங்குகூட இருக்காது, ஆனால் மூன்று இரவுகளை விழுங்கிவிடும்.

ஒரு படத்தில் வெளிப்புறக் காட்சிகள் அனைத்தையும் ஷெட்யூலின் கடைசி வாரத்தில் வைத்துவிட்டேன். மழை பிடித்துக்கொண்டது. மாற்றாக எடுப்பதற்கு உள்ளரங்கக் காட்சி ஒன்றுகூட மிச்சமில்லாததால் மொத்த யூனிட்டும் நான்கு நாள்கள் சும்மா உட்கார்ந்திருந்தது. எதிர்பாராச் செலவுக்கென்று வழக்கம்போல் ஒதுக்கியிருந்த பத்து சதவீதமும் அதிலேயே கரைந்தது. இறுதியில் இயக்குநர் மிகவும் விரும்பிய ஒரு காட்சியைக் கைவிட வேண்டியதாயிற்று. அவர் இரண்டு வாரம் என்னிடம் பேசவில்லை. அவர் கோபத்தில் நியாயம் இருந்தது.

தொலைக்காட்சியில் இதே வேலை வேறு வேகத்தில் நடக்கும். மூன்றாம் அத்தியாயம் படப்பிடிப்பில் இருக்கும்போதே முதல் அத்தியாயம் எடிட்டிங்கிலும் ஐந்தாவது முன்தயாரிப்பிலும் இருக்கும். அமெரிக்கத் தொடர்களில் இயக்குநர்கள் அத்தியாயத்துக்கு அத்தியாயம் மாறுவதுண்டு. கடைசி வார்த்தை பெரும்பாலும் ஷோரன்னர் எனப்படும் தலைமை எழுத்தாளருடையது, அவருக்குத் திரையில் வரும் பட்டம் நிர்வாகத் தயாரிப்பாளர். திரைப்படத்திலோ அதே பட்டம் நிதி திரட்டியவருக்கும் கிடைக்கும், சில சமயம் வெறும் மரியாதைக்காகவும் கிடைக்கும். இந்தக் குழப்பத்தினால்தான் அமெரிக்கத் தயாரிப்பாளர்கள் சங்கம், படத்துக்காக உண்மையில் உழைத்தவர் என்று தான் சான்றளிக்கும் தயாரிப்பாளரின் பெயருக்குப் பின்னால் மூன்று சிறிய எழுத்துகளைச் சேர்க்க அனுமதிக்கிறது.

இந்தத் துறைக்கு வருவதற்கு ஒரே வழி என்று எதுவும் இல்லை. கேல் ஆன் ஹர்ட் தயாரிப்பாளர் ரோஜர் கோர்மனிடம் உதவியாளராகத் தொடங்கி, 1984-இல் 'தி டெர்மினேட்டர்' படத்தைத் தயாரித்தார். 2010-இல் தொடங்கிய 'தி வாக்கிங் டெட்' தொடரின் நிர்வாகத் தயாரிப்பாளர்களில் ஒருவராகவும் இருந்தார். பலர் தயாரிப்பு உதவியாளர், ஒருங்கிணைப்பாளர், தயாரிப்பு மேலாளர் என்று படிப்படியாக ஏறி வருகிறார்கள். என்னைக் கேட்டால், வாய்ப்புக் கிடைத்தால் ஒரு படம் முழுவதும் தயாரிப்புக் கணக்காளரின் அருகில் உட்காருங்கள் என்பேன். ஜெனரேட்டர் எத்தனை மணி நேரம் கூடுதலாக ஓடியது, யாருடைய சாப்பாட்டு இடைவேளை தள்ளிப்போனது, எந்தக் காட்சிக்காக வாங்கிய பொருள் கேமரா முன் வரவே இல்லை என்பதெல்லாம் அந்த மேசைக்குத்தான் பில்லாக வந்து சேரும்.