‘சைக்கோ’ என்று சொல்லிவிட்டால் போதுமா? – வாசகர் கேள்வி பதில்

பாலியல் நோக்கத்தோடு நடக்கும் கொலைகளைப் பற்றி எழுதுங்கள் என்று மலை ஊர்கள் பலவற்றிலிருந்தும் கடிதங்கள் வந்திருக்கின்றன. வாய்விட்டுக் கேட்கவே கூசும் விஷயம், இருந்தும் கேட்டிருக்கிறீர்கள், அதனால் இந்த முறை முழுப் பக்கமும் அதற்குத்தான். கோரமான விவரங்கள் எதையும் எழுதப்போவதில்லை. அவை இல்லாமலே இதைப் புரியவைக்க முடியும்.

டிவியில் ‘சைக்கோ’, ‘காமக்கொடூரன்’ என்று மாற்றி மாற்றிச் சொல்கிறார்கள். மனநல மருத்துவத்தில் நிஜமாகவே இதற்கு ஒரு பெயர் இருக்கிறதா? இது ஒரு நோயா?
– பள்ளி ஆசிரியை, கோத்தகிரி

பெயர்கள் நிறைய இருக்கின்றன டீச்சர், ஆனால் அவற்றில் எதுவும் நோயின் பெயர் இல்லை. 1886இல் ரிச்சர்ட் வான் கிராஃப்ட்-எபிங் என்ற மனநல மருத்துவர் பாலியல் கோளாறுகளைப் பற்றி ஒரு பெரிய நூல் எழுதினார், அதன் வழியாகத்தான் ‘லுஸ்ட்மோர்ட்’ என்ற ஜெர்மன் சொல் மருத்துவர்களிடையே பரவியது. நம் ஆட்கள் காமக்கொலை என்பார்களே, கிட்டத்தட்ட அதுதான். பின்னால் ஜான் மணி என்ற பாலியல் ஆய்வாளர் ‘எரோட்டோஃபோனோஃபிலியா’ என்று வாயில் நுழையாத ஒரு பெயர் வைத்தார், கொலை செய்வதே பாலியல் கிளர்ச்சி தருகிற நிலை என்று பொருள். இன்றைக்குத் துறையில் புழங்குவது ‘செக்சுவல் ஹோமிசைட்’, பாலியல் நோக்கக் கொலை. இது குற்றத்தை வருணிக்கும் சொல். இவனுக்கு இன்ன வியாதி என்று இது எதையும் சொல்வதில்லை.

அமெரிக்க மனநல மருத்துவச் சங்கம் 2013இல் வெளியிட்ட டிஎஸ்எம்-5 கையேட்டைப் புரட்டினாலும் சரி, 2022இல் நடைமுறைக்கு வந்த உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-11 பட்டியலைப் பார்த்தாலும் சரி, பாலியல் கொலை என்று ஒரு நோய் அங்கே கிடையாது. அங்கே இருப்பது ‘செக்சுவல் சேடிசம்’ தொடர்பான கோளாறு, அதாவது அடுத்தவர் படும் வேதனையிலிருந்து பாலியல் கிளர்ச்சி அடைவது. சம்மதம் இல்லாத ஒருவர்மேல் அதைக் காட்டுவதைத்தான் ஐசிடி-11 கோளாறாக எடுத்துக்கொள்கிறது. அந்தக் கோளாறு உள்ளவர் எல்லாம் கொலை செய்வதில்லை, இப்படிக் கொலை செய்தவர்களில் எல்லோருக்கும் அது இருப்பதும் இல்லை. கோபம், அடக்கி ஆளும் வெறி, நிராகரிப்பைத் தாங்காத ஆத்திரம் என்று வேறு வேறு காரணங்கள் பாலியலோடு பின்னிக்கொண்டு வருகின்றன.

‘சைக்கோ’ என்பதைப் பற்றி எனக்கு உண்மையிலேயே கோபம் உண்டு. அந்த ஒரே சொல்லில் சம்பந்தமே இல்லாத இரண்டு விஷயங்களைப் போட்டுக் குழப்பிவிட்டார்கள். சைக்கோசிஸ் என்பது மனநோய். இல்லாத குரல் கேட்கும், யாரோ துரத்துவதாகத் தோன்றும், நிஜம் பிடிபடாமல் போகும். சைக்கோபதி என்பது ஆளின் சுபாவம் சம்பந்தப்பட்டது. குற்ற உணர்ச்சி இல்லாதவன், மற்றவர் வலி தன்னைத் தொடாதவன், ஆனால் நிஜம் எது என்று நன்றாகவே தெரிந்தவன். கனடாவைச் சேர்ந்த உளவியலாளர் ராபர்ட் ஹேர் இதை மதிப்பிட ஒரு பட்டியலே தயாரித்திருக்கிறார், உலகம் முழுக்கச் சிறைகளில் அது பயன்படுகிறது. முதல் வகை ஆள் ஊட்டி அரசு மருத்துவமனையில் மாத்திரை வாங்க வரிசையில் நிற்கிறவர், பெரும்பாலும் அவர்தான் மற்றவர்களைப் பார்த்துப் பயப்படுகிறார். செய்தி வாசிப்பவர் ‘சைக்கோ’ என்று சொல்லும்போது அவரும் வீட்டில் உட்கார்ந்து அதைக் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறார்.

பாலியல் வன்கொடுமை செய்து கொன்றுவிட்டால் அது தானாகவே பாலியல் நோக்கக் கொலை ஆகிவிடாதா?
– சட்ட மாணவர், கூடலூர்

ஆகாது தம்பி, இந்த இடத்தில்தான் கவனமாக இருக்க வேண்டும். வன்கொடுமை செய்தவன் ‘இவள் என்னை அடையாளம் காட்டிவிடுவாள்’ என்று பயந்து கொல்கிறான் என்றால், கொலைக்கான நோக்கம் சாட்சியை ஒழிப்பது. அவனுக்குக் கொலையில் பாலியல் எதுவும் இல்லை. இன்னொருவனுக்குக் கொல்வதும், கொல்லும்போது கிடைக்கும் ஆதிக்கமும்தான் கிளர்ச்சி. அவன் உடலுறவே கொள்ளாமல் இருந்திருக்கலாம், விந்துத் தடயம் எதுவும் கிடைக்காமலும் போகலாம், ஆனாலும் அது பாலியல் நோக்கக் கொலைதான். ஆய்வக அறிக்கை ‘இல்லை’ என்று வந்ததும் அந்தக் கோணத்தையே மூடிவிடுவது இதனால்தான் தப்பு.

மூன்றாவதாக ஒன்று இருக்கிறது, நம் ஊர்ப் பத்திரிகைகளில் அடிக்கடி வருவது. 1912இல் ஹான்ஸ் மையர் என்ற சுவிஸ் மருத்துவர் ‘கேத்ததைமிக்’ என்று ஒரு மனநிலையைச் சொன்னார், 1937இல் ஃபிரெட்ரிக் வெர்த்தம் அதைக் கொலைகளோடு பொருத்தி எழுதினார். ஒருவரைப் பற்றிய ஓர் எண்ணம் மனதுக்குள் ஊறி ஊறி, அவரைக் கொன்றால்தான் இந்த இறுக்கம் தீரும் என்று ஆகிவிடுவது, கொன்றபின் ஒரு விடுதலை உணர்வு வருவது. கல்லூரி வாசலிலும் பேருந்து நிறுத்தத்திலும் பெண்ணை வெட்டிவிட்டு அங்கேயே நிற்கிறானே, ‘ஒருதலைக் காதல்’ என்று எழுதுகிறோமே, அவற்றில் சில இந்த வகைக்குப் பக்கத்தில் வரும். லூயிஸ் ஷ்லெசிங்கர் என்ற தடயவியல் உளவியலாளர் இதைக் ‘கட்டாய உந்துதல்’ கொலைகளிலிருந்து பிரித்துக் காட்டுகிறார். உந்துதல் உள்ளவன் மறுபடியும் செய்யக்கூடியவன், ஆள் மாறினாலும் அவனுக்குப் பரவாயில்லை. மற்றவனுக்கோ அந்த ஒரே ஆள்தான்.

உங்கள் பாடத்துக்கு இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். நம் சட்டம் இந்தப் பாகுபாடுகளை வைத்துத் தண்டனை தருவதில்லை. இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் கொலைக்குப் பிரிவு 103, வன்கொடுமையில் ஏற்படுத்திய காயத்தால் இறப்பு நேர்ந்தால் பிரிவு 66. அந்த 66, 2012 டெல்லி கூட்டு வன்கொடுமைச் சம்பவத்துக்குப் பிறகு 2013 திருத்தத்தில் வந்த பழைய சட்டத்தின் 376ஏதான், குறைந்தது 20 வருடம், கூடினால் மரண தண்டனை வரை. இரண்டிலுமே பாலியல் நோக்கத்தைத் தனியாக நிரூபிக்க வேண்டியதில்லை. நோக்கத்தைப் புரிந்துகொள்வது புலனாய்வுக்கும், இவன் மறுபடி செய்வானா என்று பார்ப்பதற்கும் தேவைப்படுகிறது.

உடல் கிடந்த நிலையைப் பார்த்தே கொலையாளி எப்படிப்பட்டவன் என்று சொல்லிவிடுவார்கள் என்கிறார்களே, அது எந்த அளவுக்கு உண்மை?
– தங்கும் விடுதி மேலாளர், கொடைக்கானல்

சினிமாவில் காட்டுகிற அளவுக்கு இல்லை. அமெரிக்காவின் எஃப்பிஐ ஆட்கள் சிறையில் இருந்த 36 பாலியல் கொலையாளிகளிடம் பேசி, 1988இல் ஒரு நூலாகவே வெளியிட்டார்கள். திட்டமிட்டுச் செய்பவன், ஒழுங்கில்லாமல் செய்பவன் என்று இரண்டு வகை என்றார்கள். கேட்க வசதியாக இருக்கிறது, அதனால் எல்லா நாட்டுப் போலீசும் பிடித்துக்கொண்டது. 2004இல் உளவியலாளர் டேவிட் கான்டரின் குழு 100 தொடர் கொலையாளிகளின் குற்றங்களை எடுத்துப் புள்ளியியல்படி அலசிப் பார்த்தபோது அப்படி இரண்டாகப் பிரியவே இல்லை. திட்டமிடல் ஏறக்குறைய எல்லோரிடமும் கொஞ்சம் இருந்தது, ஒழுங்கீனம் ஆளுக்கு ஒரு விதமாக இருந்தது.

ஆனால் எஃப்பிஐ ஆட்கள் பரப்பியதில் ஒரு விஷயம் இன்றைக்கும் உபயோகமானது. செய்முறையும் கையொப்பமும் வேறு வேறு என்பது. கதவை உடைத்து வந்தானா, கையுறை போட்டானா என்பது செய்முறை. காரியம் முடியவும் மாட்டிக்கொள்ளாமல் தப்பவும் அது வேண்டும், அனுபவம் கூடக் கூட அதை மாற்றிக்கொள்வான். கையொப்பம் என்பது காரியத்துக்குத் தேவையே இல்லாதது, அவன் மனதுக்கு மட்டும் தேவைப்பட்டது.

இனி மலைக்கு வருகிறேன். ஆடை கலைந்திருப்பது, உடல் ஒரு விதமாகக் கிடத்தப்பட்டிருப்பது எல்லாம் பாலியல் நோக்கத்தின் அறிகுறிகள் என்று புத்தகத்தில் போட்டிருக்கும். நம் தேயிலைத் தோட்டச் சரிவில் ஓர் உடல் கிடக்கிறது என்று வையுங்கள். மேலேயிருந்து சறுக்கி வந்திருந்தால் சேலையும் சட்டையும் உண்ணிச்செடி முள்ளில் மாட்டி ஒரே திசையில் மேல்நோக்கிச் சுருண்டிருக்கும், முதுகில் நீளவாக்கில் சிராய்ப்பு இருக்கும். காட்டுப்பன்றியோ நரியோ வந்து இழுத்திருக்கலாம். இரவு முழுக்க மழை பெய்திருந்தால் தடயம் பாதி கழுவிப் போயிருக்கும். சுருண்டது எந்தப் பக்கமாக, பொத்தான் அறுந்ததா கழற்றப்பட்டதா, சிராய்ப்பு உயிரோடு இருக்கும்போது வந்ததா இறந்த பிறகா என்று பிரேதப் பரிசோதனை மருத்துவர் பார்த்துச் சொல்ல வேண்டும். அதற்கு முன்னால் ஊர்க்காரர்கள் ஓடிப்போய்த் துணியை இழுத்து மூடிவிட்டால், மரியாதைக்காகச் செய்தாலும், அவ்வளவும் போய்விடும். நெஞ்சு கேட்காதுதான், ஆனாலும் தொடாதீர்கள், யாரையும் பக்கத்தில் விடாமல் சுற்றி நின்றுகொண்டு 112க்குக் கூப்பிடுங்கள்.

உளவியல் வருணனையை மட்டும் நம்பினால் என்ன ஆகும் என்பதற்கு லண்டன் விம்பிள்டன் வழக்கு இருக்கிறது. 1992இல் ஓர் இளம் தாய் பூங்காவெளியில் கொல்லப்பட்டார். கொலையாளி இப்படிப்பட்டவன் என்று ஓர் உளவியலாளர் வரைந்து கொடுத்த சித்திரத்தோடு ஒருவர் ஒத்துப்போவதாகச் சொல்லி, ஒரு பெண் போலீசைப் பழகவிட்டு வலை விரித்தார்கள். 1994இல் நீதிபதி அந்த ஆதாரத்தைத் தூக்கி எறிந்தார், அவர் விடுதலையானார். உண்மையான கொலையாளி 2008இல் டிஎன்ஏ ஆதாரத்தால் குற்றத்தை ஒப்புக்கொண்டான். போலீஸ் தவறான ஆளின் பின்னால் அலைந்துகொண்டிருந்த 1993இல், அவன் இன்னொரு தாயையும் அவளுடைய 4 வயது மகளையும் கொன்றிருந்தான். உளவியல் வழி காட்டலாம், ஆளைப் பிடித்து நிறுத்துவதற்குத் தடயம் வேண்டும்.

நார்கோ பரிசோதனை செய்தால் உண்மை வந்துவிடாதா?
– ஓட்டுநர், குன்னூர்

வராது. மருந்து கொடுத்தால் உண்மையும் வரும், கற்பனையும் வரும், கேட்கிறவர் எதிர்பார்ப்பதும் வரும். சம்மதம் இல்லாமல் நார்கோவோ பொய் கண்டறியும் சோதனையோ செய்யக் கூடாது என்று 2010இல் செல்வி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

இவ்வளவு கொடூரம் செய்துவிட்டு ‘எனக்கு மனநோய்’ என்று சொல்லித் தப்பிவிடுவானே?
– அஞ்சல் துறையில் ஓய்வு பெற்றவர், ஊட்டி

உங்கள் ஆதங்கம் புரிகிறது ஐயா. பாரதிய நியாய சன்ஹிதாவின் பிரிவு 22 சொல்வது இதுதான்: செய்யும் நேரத்தில், மனநோயால், தான் என்ன செய்கிறோம் என்றோ அது தவறு, சட்டவிரோதம் என்றோ அறிய முடியாத நிலையில் இருந்தால் மட்டும் அது குற்றமாகாது. அதைக் குற்றம் சாட்டப்பட்டவன்தான் நிரூபிக்க வேண்டும். சேடிசக் கோளாறு இருப்பதோ சைக்கோபதி இருப்பதோ இதற்குள் வராது. உடலை மறைத்தவன், போனை அணைத்தவன், துணியைத் துவைத்தவன் தவறு என்று தெரிந்துதானே செய்திருக்கிறான்? அதே சமயம் மரண தண்டனை என்று வரும்போது குற்றவாளியின் மனநிலை பற்றிய மதிப்பீட்டை நீதிமன்றம் வாங்கிப் பார்க்க வேண்டும் என்று 2022இல் மனோஜ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அது எனக்குச் சரியென்றே படுகிறது. ஆளைக் கொல்லச் சொல்லி உத்தரவு போடும் முன் அவன் யார் என்று பார்ப்பதில் குறைந்துபோவது எதுவும் இல்லை.

எங்கள் பேருந்து நிறுத்தத்தில் மனநிலை சரியில்லாத ஒருவர் படுத்திருப்பார். பெண்களைக் கொல்கிறவன் இவன்தான் என்று அவர் போட்டோவை வாட்ஸ்அப்பில் போட்டுவிட்டார்கள். பையன்கள் கம்பை எடுத்துக்கொண்டு கிளம்புகிறார்கள். என்ன செய்வது?
– கடைக்காரர், குன்னூர் பக்கம்

முதலில் அந்த போட்டோவை யாருக்கும் அனுப்பாதீர்கள், அனுப்பியவரிடம் அழிக்கச் சொல்லுங்கள், இன்றைக்கே காவல் நிலையத்துக்குச் சொல்லுங்கள். 2018 மே மாதம் திருவண்ணாமலை மாவட்டத்தில், குழந்தை கடத்துபவர் என்ற வாட்ஸ்அப் வதந்தியை நம்பி, குலதெய்வக் கோயிலுக்கு வந்த 65 வயதுப் பெண்மணியை ஊரே சேர்ந்து அடித்துக் கொன்றது. அதற்கு முந்தின நாள் வரைக்கும் அவர்களும் நம்மைப் போன்றவர்கள்தான்.

2017 மனநலப் பாதுகாப்புச் சட்டத்தின் 100ஆம் பிரிவுப்படி, தெருவில் திரியும் மனநோயாளியைப் பாதுகாப்பில் எடுத்து 24 மணி நேரத்துக்குள் அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோவது காவல் நிலைய அதிகாரியின் கடமை, லாக்கப்பில் வைக்கவும் கூடாது. அந்தப் பிரிவு எண்ணைச் சொல்லியே கேளுங்கள். எங்கே போய்க் கேட்பது என்று தெரியாவிட்டால் 14416, டெலிமானஸ் என்ற அரசு மனநல உதவி எண், தமிழிலேயே பேசலாம்.

பயம் வேண்டாம் என்று நான் சொல்ல வரவில்லை, அது போக வேண்டிய இடம் வேறு என்கிறேன். 2022இல் நாட்டில் பதிவான கொலை வழக்குகள் 28,522, வன்கொடுமையோடு சேர்ந்த கொலை என்று தேசியக் குற்றப் பதிவு அமைப்பு காட்டுவது 248. ஐநா கணக்குப்படி 2023இல் உலகம் முழுக்கக் கொல்லப்பட்ட சுமார் 85,000 பெண்களிலும் சிறுமிகளிலும் 51,100 பேரைக் கொன்றது துணைவரோ குடும்பத்தாரோதான். பேருந்து நிறுத்தத்தில் படுத்திருப்பவரைவிட, இரவில் மனைவியை அடிக்கும் சத்தம் கேட்கிற பக்கத்து லைன் வீட்டின் மேல் கண் வையுங்கள். பெண்கள் உதவி எண் 181க்குக் கூப்பிட்டுச் சொல்லலாம்.

இறந்துபோன பெண்ணின் படத்தை அஞ்சலி போஸ்டரில் போடலாமா?
– இளைஞர் மன்றத்தார், மஞ்சூர்

பாலியல் வன்கொடுமை வழக்கு என்றால் போடக் கூடாது. பெயரும் கூடாது. பாரதிய நியாய சன்ஹிதாவின் பிரிவு 72, இரண்டு வருடம் வரை சிறை. இறந்தவருக்கும் இது பொருந்தும் என்று 2018இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. பெயரில்லாமல் ஒரு மெழுகுவத்தி ஊர்வலம் நடத்துங்கள், போதும்.

எனக்குத் தடயவியல் உளவியல் படிக்க ஆசை. வீட்டில் ‘பொம்பளப் பிள்ளைக்கு எதுக்கு இது’ என்கிறார்கள்.
– பி.எஸ்சி. மாணவி, கோத்தகிரி

படிம்மா. வன்கொடுமைக்கு ஆளான பெண்கள் ஓர் ஆணிடம் வாய் திறக்க அவ்வளவு தயங்குகிறார்கள், உன்னைப் போன்ற பெண்கள் இந்தத் துறைக்குக் கட்டாயம் வேண்டும் என்று வீட்டில் சொல். காந்திநகரில் உள்ள தேசிய தடய அறிவியல் பல்கலைக்கழகத்தில் தடயவியல் உளவியலில் முதுநிலைப் படிப்பு இருக்கிறது. சிகிச்சையும் பார்க்க வேண்டும் என்றால் மருத்துவ உளவியல் படித்து, இந்திய மறுவாழ்வு கவுன்சிலில் பதிவு செய்துகொள்ள வேண்டும், அந்தக் கவுன்சிலின் அங்கீகாரம் இல்லாத படிப்பில் பணம் கட்டிவிடாதே. உன் அப்பாவுக்கு இன்னும் தயக்கம் இருந்தால் பத்திரிகை முகவரிக்கு ஒரு கடிதம் போடச் சொல், நான் அவரோடு பேசுகிறேன்.